திருவரங்கத்தில் காலக் கடவுளும் நாண்மீன்களும்

காலத்தையும் விண்மீன்களையும் தெய்வமாக எண்ணும் வழக்கம் உலகின் பல பண்பாடுகளில் காணப்படுகிறது. கிரேக்கர் காலத்தைக் குரோனோஸ் என்றும் பழைய ஈரானியர் சுர்வான் என்றும் உருவகப்படுத்தினர். இக்காலக் கற்பனைக் கதைகளிலும் விண்மீன்களை ஆளும் காலத் தெய்வங்கள் அடிக்கடி வருகின்றன. தமிழகத்தில் இவ்வெண்ணம் வேறொரு வடிவில் வளர்ந்தது. திருச்சிராப்பள்ளியை அடுத்துக் காவிரிக்கும் கொள்ளிடத்துக்கும் இடையில் உள்ள திருவரங்கத்தில் காலத்துக்கெனத் தனிக் கருவறை எழுப்பப்படவில்லை. மாறாக, கோயிலின் பெருமாளே நாள் பார்த்து, நாண்மீன் பார்த்துப் புறப்படுகிறார். காலம் அங்கே வணங்கப்படும் பொருளாக இருப்பதைவிட, வழிபாட்டை நடத்தும் ஒழுங்காக இருக்கிறது. அந்த ஒழுங்கு எவ்வாறு உருவானது, எப்போது குலைந்தது, முரண்பாடு நேரும்போது எவ்வாறு தீர்க்கப்படுகிறது என்பவற்றை இக்கட்டுரை விளக்குகிறது.

தமிழில் காலம் என்னும் தெய்வம்

தொல்காப்பியத்தின் சொல்லதிகாரம், உயர்திணைப் பொருளை உணர்த்தினாலும் அஃறிணை முடிபு கொள்ளும் சொற்கள் பத்தினைத் தொகுத்துக் கூறுகிறது. உலகம், உயிர், ஞாயிறு, திங்கள் முதலியவை இடம்பெறும் அப்பட்டியலில் முதலில் நிற்பது ‘காலம்’ என்னும் சொல். அங்குள்ள காலம் என்பது காலக் கடவுளைக் குறிக்கும் என்பது உரைமரபு. தெய்வத்தைக் குறித்தாலும் ‘காலம் வந்தது’ என்றே சொல்கிறோம். ‘காலம் வந்தார்’ என்பதில்லை. உயிரைக் கொண்டுசெல்லும் கூற்றுவனுக்கும் ‘காலன்’ என்ற பெயர் இதே சொல்லடியில் அமைந்தது.

பழந்தமிழர் விண்ணில் தெரிபவற்றை நாண்மீன், கோண்மீன் என இரண்டாகப் பகுத்தனர். திங்கள் நாள்தோறும் தங்குவதாகக் கருதப்பட்ட அசுவினி முதல் ரேவதி வரையிலான 27 மீன்கூட்டங்கள் நாண்மீன்கள். அவற்றினூடே இடம்பெயர்ந்து செல்பவை கோண்மீன்கள். திங்கள் ஒரு நாண்மீனிலிருந்து புறப்பட்டு மீண்டும் அதே நாண்மீனை அடைய ஏறத்தாழ 27.3 நாட்கள் ஆகும். எனவே ஒரு நாளுக்கு ஒரு நாண்மீன் என்ற கணக்கு இயல்பாகவே அமைந்தது. ‘நாள்’ என்ற ஒரே சொல் பகலிரவு கொண்ட நாளையும் நட்சத்திரத்தையும் குறிப்பதற்கு இதுவே காரணம்.

உறையூரும் விண்ணறிவும்

இன்று திருச்சிராப்பள்ளி மாநகரின் பகுதியாக உள்ள உறையூர், சங்ககாலச் சோழரின் தலைநகர். அவ்வூர்ப் புலவரான உறையூர் முதுகண்ணன் சாத்தனார், சோழன் நலங்கிள்ளியைப் பாடிய புறநானூற்று 30ஆம் பாடலில், ஞாயிற்றின் வழியையும் அதன் இயக்கத்தையும் காற்று வீசும் திசையையும் நேரில் சென்று அளந்தவர்போல் உரைக்கும் அறிஞர்கள் இருந்ததைக் குறிப்பிடுகிறார். இதனால் விண்ணைக் கணிப்போர் அக்காலத்தில் மதிக்கப்பட்ட ஒரு தொகுதியினராக இருந்தமை புலப்படும்.

உறையூரின் பெருவிழாவும் நாண்மீனின் பெயராலேயே அறியப்பட்டது. இறையனார் களவியல் உரை மதுரைக்கு ஆவணி அவிட்டத்தையும் உறையூருக்குப் பங்குனி உத்திரத்தையும் சிறப்பு விழாக்களாகக் கூறுகிறது. உறையூர் முதுகூத்தனார் பாடிய அகநானூற்று 137ஆம் பாடலும் உறந்தையின் ஆற்றங்கரைச் சோலையில் நடந்த பங்குனி விழாவையும், விழா முடிந்த மறுநாள் அவ்விடம் வெறிச்சோடிக் கிடந்ததையும் காட்டுகிறது. இவ்விழா நடந்த இடத்தைத் திருவரங்கத்தோடு தொடர்புபடுத்துவோர் உண்டு. எவ்வாறாயினும், பங்குனி உத்திரம் இன்றும் திருவரங்கத்தின் முதன்மையான நாட்களில் ஒன்று என்பது கருதத்தக்கது.

வைணவ மெய்யியலில் காலம்

சிவாலயங்களில் ஒன்பது கோள்களுக்கும் தனிச் சன்னிதி அமைப்பது பொதுவழக்கு. வைணவக் கோயில்களில் அவ்வழக்கம் பொதுவாக இல்லை. கோள்களும் நாண்மீன்களும் திருமாலின் ஆணைக்கு உட்பட்டவை என்ற கொள்கையே இதற்கு அடிப்படை. திருவரங்கக் கோயிலின் இரு திருக்குளங்கள் சந்திர புட்கரணி, சூரிய புட்கரணி எனப் பெயர் பெற்றுள்ளன. ஞாயிறும் திங்களும் அங்கே நீராகப் பெருமாளைச் சூழ்ந்திருக்கின்றன எனலாம்.

திருவரங்கத்தில் வாழ்ந்த பிள்ளை லோகாசாரியர் தமது ‘தத்துவத்திரயம்’ என்னும் நூலில், அறிவற்ற பொருளை மூன்றாகப் பகுத்து, அவற்றுள் ஒன்றாகக் காலத்தை வைக்கிறார். காலம் அழிவற்றது, இவ்வுலகின் மாற்றங்களுக்கெல்லாம் காரணமாவது, ஆனால் தானே தெய்வமன்று. இறைவனின் உடலாக நின்று அவன் விளையாட்டுக்குக் கருவியாவது. வைகுந்தம் எனப்படும் பரமபதத்தில் அதன் ஆட்சி செல்லாது என்பதும் இக்கொள்கையின் பகுதி.

காலத்தைச் சக்கரமாகக் காண்பது வேதகாலந்தொட்டு வரும் மரபு. பன்னிரண்டு ஆரங்கள் கொண்ட சக்கரம் ஆண்டின் பன்னிரு மாதங்களைக் குறிப்பதாக ரிக்வேதம் உருவகிக்கிறது. திருமாலின் கையிலுள்ள சுதரிசனமும் காலச் சக்கரமாகப் பொருள் கொள்ளப்படுகிறது. அதன் உருவமான சக்கரத்தாழ்வாருக்குத் திருவரங்கத்தில் தனிச் சன்னிதி உண்டு. கூர நாராயண ஜீயர் இயற்றிய ‘சுதரிசன சதகம்’ என்னும் நூறு சுலோகங்கள் கொண்ட வடமொழி நூல் திருவரங்கத்தோடு தொடர்புடையது. காலக் கடவுள் எனத் தக்க ஓர் உருவத்தைத் திருவரங்கத்தில் தேடினால், மிக நெருங்கி நிற்பவர் சக்கரத்தாழ்வாரே. அவரும் பெருமாளின் கையிலிருந்து பிரிந்த தனித்தெய்வம் அல்லர்.

பெருமாளை நடத்தும் நாண்மீன்கள்

திருவரங்கத்தின் ஆண்டு விழாக்கள் பலவும் மாதமும் நாண்மீனும் சேர்ந்த பெயர்களால் வழங்கப்படுகின்றன. உற்சவரான நம்பெருமாளின் நாண்மீன் ரேவதி. சித்திரைத் தேர் அந்நாளில் ஓடுகிறது. ஆனி மாதக் கேட்டையில் ஜேஷ்டாபிஷேகம் நடைபெறுகிறது. கேட்டையின் வடமொழிப் பெயர் ஜேஷ்டா என்பதால், விழாவின் பெயரே நாண்மீனின் பெயராகிறது. உறையூரில் தோன்றிய திருப்பாணாழ்வாருக்குக் கார்த்திகை ரோகிணி, நம்மாழ்வாருக்கு வைகாசி விசாகம், இராமானுசருக்குச் சித்திரைத் திருவாதிரை என ஆழ்வார்களும் ஆசாரியர்களும் தத்தம் நாளில் நினைக்கப்படுகின்றனர்.

இவற்றுள் நாண்மீன் வரிசை ஒரு கதையாகவே விரிவது பங்குனி விழாவில். உறையூரில் எழுந்தருளியுள்ள கமலவல்லி நாச்சியாரின் நாண்மீன் ஆயில்யம். அந்நாளில் நம்பெருமாள் திருவரங்கத்திலிருந்து உறையூர் சென்று நாச்சியாரோடு சேர்த்தியாக அமர்கிறார். அதன்பின் மகம், பூரம் என இரு நாண்மீன்கள் கடக்க, உத்திரம் வருகிறது. அது திருவரங்கத்துத் தாயாரான அரங்கநாயகியின் நாண்மீன். உறையூர் சென்று வந்ததை அறிந்த தாயார் கதவை அடைத்துக்கொள்வதும், பெருமாள் வாயிலில் நின்று காரணம் கூறுவதும், நம்மாழ்வார் சமாதானம் செய்துவைப்பதும் ‘மட்டையடி’ என்னும் ஊடல் நிகழ்வாக நடிக்கப்படுகின்றன. பின்னர் பெருமாளும் தாயாரும் ஒருசேரக் காட்சி தருகின்றனர். இச்சேர்த்தியின் திருமுன்பில்தான் இராமானுசர் கத்யத்திரயத்தை விண்ணப்பித்தார் என்பது மரபு. ஆயில்யத்துக்கும் உத்திரத்துக்கும் இடையிலுள்ள மூன்று நாள் தொலைவே ஊடலுக்கும் கூடலுக்கும் இடையிலான தொலைவாக அமைகிறது.

காலம் அறுந்த 48 ஆண்டுகள்

இவ்வொழுங்கு 14ஆம் நூற்றாண்டில் அறுபட்டது. 1311இல் மாலிக் காபூரின் படையும், 1323இல் தில்லிச் சுல்தானியத்தின் மற்றொரு படையும் திருவரங்கத்தைத் தாக்கின. 1323இல் பிள்ளை லோகாசாரியர் முதுமையையும் பொருட்படுத்தாது நம்பெருமாளை எழுந்தருளச் செய்துகொண்டு தெற்கு நோக்கிச் சென்றார். மதுரைக்கு அருகில் ஜோதிஷ்குடி என்னும் இடத்தில் அவர் உயிர்நீத்தார். காலத்தை இறைவனின் கருவி என்று எழுதியவர், தம் இறைவனைக் காலத்தின் கையிலிருந்து காக்கும் பயணத்தில் மறைந்தார்.

நம்பெருமாள் பல ஊர்களில் மறைந்திருந்து, இறுதியில் திருமலையில் தங்கினார். விசயநகர இளவரசர் குமார கம்பணரின் படையெடுப்புக்குப் பின், செஞ்சியிலிருந்து ஆண்ட கோபணார் அவரைத் திருவரங்கத்துக்கு மீட்டு வந்தார். கோயிலின் வரலாற்றைக் கூறும் ‘கோயிலொழுகு’ மீண்ட நாளை வைகாசி 17 எனக் குறிக்கிறது.

இந்நிகழ்வைக் கூறும் வடமொழிக் கல்வெட்டு கோயில் மதிலில் உள்ளது. அதில் ஆண்டு எண்ணாகப் பொறிக்கப்படவில்லை. ‘பந்துப்ரியே’ என்ற சொல்லுக்குள் மறைத்து வைக்கப்பட்டுள்ளது. எழுத்துக்களுக்கு எண்மதிப்புத் தரும் கடபயாதி முறையில் ப 3, து 9, ர 2, ய 1 எனக் கொண்டு, வலமிருந்து இடமாகப் படித்தால் 1293 கிடைக்கிறது. சக ஆண்டு 1293 என்பது கி.பி. 1371-72 ஆகும். அச்சொல்லின் பொருள் ‘சுற்றத்தாருக்கு இனியது’ என்பது. வீடு திரும்பிய பெருமாளின் ஆண்டுக்கு இதைவிடப் பொருத்தமான எண் அமைவது அரிது.

மீட்சிக்குப் பின் விசயநகர அரச குடும்பத்தினரின் ஆதரவில் விழாக்கள் புத்துயிர் பெற்றன. சித்திரை விழா விருப்பண்ண உடையார் பெயரால் ‘விருப்பன் திருநாள்’ என்றும், புனர்பூசத்தில் தேரோடும் தை விழா பூபதி உடையார் பெயரால் ‘பூபதித் திருநாள்’ என்றும் இன்றும் வழங்கப்படுகின்றன. பழைய பங்குனி விழா ‘ஆதி பிரம்மோற்சவம்’ எனத் தனித்து நின்றது.

நாளைக் கணிக்கும் வாக்கியம்

எந்த நாளில் எந்த நாண்மீன் என்பதை முன்கூட்டியே அறியத் தமிழகத்தில் வழங்கிவந்த முறை வாக்கிய முறை. திங்கள் வானில் ஒரே வேகத்தில் செல்வதில்லை. பூமிக்குத் தொலைவில் இருக்கும்போது மெதுவாகவும் அருகில் வரும்போது விரைவாகவும் நகர்கிறது. இந்த ஏற்ற இறக்கச் சுழற்சி ஏறத்தாழ 27.55 நாட்கள் கொண்டது. ஒன்பது சுழற்சிகள் சேர்ந்தால் 248 நாட்கள். எனவே 248 நாட்களுக்கும் திங்களின் இருப்பிடத்தைக் கணித்து வைத்துக்கொண்டால், அதையே திரும்பத் திரும்பப் பயன்படுத்தலாம்.

வரருசி பெயரால் வழங்கும் சந்திர வாக்கியங்கள் இந்த 248 எண்களையும் கடபயாதி முறையில் 248 சொற்றொடர்களாக மாற்றியவை. முதல் வாக்கியம் 12 பாகை 3 கலை என்ற நகர்வைத் தருகிறது. திங்களின் சராசரி ஒருநாள் நகர்வு 13 பாகைக்குச் சற்று மிகுதி என்பதால், கணக்கு அதன் மெதுவான நிலையிலிருந்து தொடங்குவது தெரிகிறது. மதிலில் ஆண்டை மறைத்த அதே எழுத்தெண் முறை, கணியரின் நினைவில் வானத்தையே சுமந்தது.

இம்முறையின் திறனை ஐரோப்பியரும் கண்டனர். ஜான் வாரன் என்பவர் 1825இல் சென்னையில் வெளியிட்ட ‘காலசங்கலித’ என்னும் நூலில், புதுச்சேரியில் ஒரு தமிழ்க் கணியர் தரையில் சோழிகளைப் பரப்பி, மனப்பாடமாக வைத்திருந்த எண்களைக் கொண்டே சந்திர கிரகணத்தைக் கணித்ததைப் பதிவு செய்துள்ளார். காகிதமும் எழுதுகோலும் அக்கணக்குக்குத் தேவைப்படவில்லை.

19 ஆண்டுக்கு ஒருமுறை நகரும் ஏகாதசி

திருவரங்கத்தின் மிகப் பெரிய கூட்டத்தை ஈர்க்கும் நாள் வைகுண்ட ஏகாதசி. இது நாண்மீனால் அன்றி, வளர்பிறையின் பதினோராம் திதியால் அமைவது. அமாவாசைக்குப் பின் தொடங்கும் பகல்பத்து பத்து நாட்கள் நடக்கும். ஏகாதசியன்று விடியுமுன் பரமபத வாசல் திறக்க, அன்று தொடங்கி இராப்பத்து பத்து நாட்கள் நடக்கும். நாலாயிரத் திவ்வியப் பிரபந்தம் இந்நாட்களில் ஓதப்படுகிறது.

இவ்விழா பொதுவாக மார்கழியில் வரும். மனிதரின் ஓராண்டு தேவர்க்கு ஒரு நாள் என்பது புராணக் கணக்கு. தையில் தொடங்கும் உத்தராயணம் அவர்களுக்குப் பகல். ஆடியில் தொடங்கும் தட்சிணாயனம் இரவு. மார்கழி அவர்களது வைகறை. வைகறையில் வாசல் திறப்பது ஆண்டின் வைகறையில் வாசல் திறப்பதாகிறது.

சில ஆண்டுகளில் ஏகாதசி மார்கழியின் கடைசி நாட்களில் வருகிறது. அப்போது இராப்பத்து தை மாதத்துக்குள் நீள்கிறது. ஏகாதசிக்கு நான்கு நாளில் முழுநிலவு வரும். தை மாத முழுநிலவு புனர்பூசம், பூசம் ஆகிய நாண்மீன்களை ஒட்டியே நிகழும். எனவே தைத் தேரும் இராப்பத்தும் ஒரே நாட்களில் மோத நேர்கிறது. ஒரே நம்பெருமாள் ஒரே நாளில் இரு விழாக்களுக்கும் புறப்பட இயலாது. இம்மோதலைத் தவிர்க்க, 19 ஆண்டுக்கு ஒருமுறை வைகுண்ட ஏகாதசியைக் கார்த்திகை மாத வளர்பிறைக்கு மாற்றுவது கோயிலின் வழக்கம். இதை வகுத்தவர் மணவாள மாமுனிகள் (1370–1443) என்பது கோயில் மரபு.

அண்மையில் 2021இல் இது நிகழ்ந்தது. அவ்வாண்டு டிசம்பர் 14, கார்த்திகை 28 அன்று திருவரங்கத்தில் பரமபத வாசல் திறக்கப்பட்டது. திருவல்லிக்கேணி பார்த்தசாரதி கோயில் முதலிய பிற தலங்களில் 2022 ஜனவரி 13, மார்கழி 29 அன்றுதான் வைகுண்ட ஏகாதசி கொண்டாடப்பட்டது. திருவரங்கமும் ஜனவரி 13ஐக் கொண்டிருந்தால் இராப்பத்து ஜனவரி 22 வரை சென்றிருக்கும்; அவ்வாண்டுத் தைப்பூசமோ ஜனவரி 18.

19 என்ற எண் தற்செயலானதன்று. 235 பிறைமாதங்களும் 19 சூரிய ஆண்டுகளும் ஏறத்தாழ 6,940 நாட்கள் என்ற ஒரே அளவுடையவை. வேறுபாடு சில மணி நேரமே. ஆகவே 19 ஆண்டுக்கு ஒருமுறை திங்கள் அதே சூரிய நாளில் ஏறத்தாழ அதே பிறைநிலைக்குத் திரும்புகிறது. 2002, 2021 ஆகிய இரு ஆண்டுகளிலும் டிசம்பர் 19ஐ ஒட்டி முழுநிலவு வந்தது இதனால்தான். கி.மு. 5ஆம் நூற்றாண்டில் ஏதென்ஸ் நகரின் மேட்டன் பெயரால் மேலைநாடுகளில் அறியப்படும் இச்சுழற்சியைப் பாபிலோனியரும் தங்கள் நாட்காட்டிக்குப் பயன்படுத்தினர். ஈஸ்டர் நாளைக் கணிக்கும் கிறித்தவ முறையிலும் அது உண்டு. திருவரங்கத்தில் அதே சுழற்சி, ஒரு தேர்த் திருவிழாவுக்கு வழிவிடும் விதியாக வெளிப்படுகிறது.

இரு பஞ்சாங்கங்கள்

வாக்கிய எண்கள் பல நூற்றாண்டுகளுக்கு முன் வகுக்கப்பட்டவை. காலப்போக்கில் அவற்றுக்கும் வானில் காணும் நிலைக்கும் இடையே வேறுபாடு வளர்ந்தது. 19ஆம் நூற்றாண்டில் சென்னை வானாய்வகத்தில் பணியாற்றிய சிந்தாமணி இரகுநாதாசாரி, நேர்நோக்குக்கு ஒத்த திருக்கணித முறையைப் பஞ்சாங்கத்தில் புகுத்த முயன்றார். 1952இல் மேகநாத சாகா தலைமையில் அமைக்கப்பட்ட நாட்காட்டிச் சீர்திருத்தக் குழுவும் நவீன வானியல் கணிப்பையே வலியுறுத்தியது.

எனினும் தமிழகத்தின் கோயில்கள் பலவும் வாக்கியப் பஞ்சாங்கத்தையே பின்பற்றுகின்றன. திருவரங்கத்தின் பெயராலும் ஒரு வாக்கியப் பஞ்சாங்கம் வெளிவருகிறது. இரு முறைகளுக்கும் இடையிலான வேறுபாடு, திதிகளில் சில மணி நேரமாகவும் கோள்களின் பெயர்ச்சியில் மாதங்களாகவும் அமையலாம். திருக்கணிதப்படி 2023 ஜனவரி 17இல் நிகழ்ந்த சனிப்பெயர்ச்சி, வாக்கியத்தைப் பின்பற்றும் திருநள்ளாற்றில் அதே ஆண்டு டிசம்பர் 20இல் கொண்டாடப்பட்டது.

இரு முறைகளுக்கும் பொதுவான மற்றொரு விலகலும் உண்டு. கதிரவன் உண்மையில் வடக்கு நோக்கித் திரும்புவது டிசம்பர் 21 அல்லது 22இல். பூமியின் அச்சு மெல்லச் சுழல்வதால் ஏறத்தாழ 72 ஆண்டுக்கு ஒரு பாகை என்ற அளவில் இந்நாள் நாண்மீன்களைவிட்டு விலகிச் செல்கிறது. ஆகவே தை முதல் நாளுக்கும் உண்மையான திரும்பலுக்கும் இடையே இன்று மூன்று வாரத்துக்கு மேல் இடைவெளி உள்ளது. வானியலாளர் பருவத்தைப் பின்பற்ற, கோயில் நாண்மீனைப் பின்பற்றுகிறது.

வரலாற்றுக்கு உதவிய நாண்மீன்

வழிபாட்டுக்காகக் குறிக்கப்பட்ட நாண்மீன் வரலாற்று ஆய்வுக்கும் பயன்பட்டது. திருவரங்கக் கோயிலில் 600க்கும் மேற்பட்ட கல்வெட்டுகள் உள்ளன. அவற்றில் பல, அரசனின் ஆட்சியாண்டோடு மாதம், பிறை, திதி, கிழமை, நாண்மீன் ஆகியவற்றையும் கூறுகின்றன. இவை அனைத்தும் ஒருசேரப் பொருந்தும் நாள் ஓர் அரசனின் ஆட்சிக்காலத்தில் பெரும்பாலும் ஒன்றாகவே இருக்கும். எல்.டி. சாமிக்கண்ணுப் பிள்ளை 1922இல் வெளியிட்ட ‘இந்தியன் எபிமெரிஸ்’ அட்டவணைகள் இத்தகைய குறிப்புகளை ஆங்கில நாட்களாக மாற்ற வழிவகுத்தன. சோழர், பாண்டியர் ஆட்சிகளின் காலவரிசை உறுதிப்பட இம்முறை பெரிதும் துணைபுரிந்தது.

மதிப்பீடு

திருவரங்கத்தின் கால மரபில் ஒரு முரண் உள்ளது. காலத்தின் ஆட்சி செல்லாத இடத்துக்கு வழியாகக் கருதப்படும் பரமபத வாசல், திதியும் வேளையும் கணித்தே திறக்கப்படுகிறது. காலத்தைக் கடக்கும் நம்பிக்கையும் காலத்தைத் தவறாது பின்பற்றும் கணக்கும் ஒரே விழாவில் இணைகின்றன. 1323 முதல் 1371 வரை நாட்கணக்கு வானில் தடையின்றி ஓடியது. ஆயில்யமும் உத்திரமும் ஆண்டுதோறும் வந்தன. ஆனால் புறப்பட நம்பெருமாள் திருவரங்கத்தில் இல்லை. நாண்மீன் மட்டும் விழாவை உண்டாக்குவதில்லை என்பதை அந்த 48 ஆண்டுகள் காட்டின.

மீட்சிக்குப் பின் புதிய விழா ஒன்றும் பழைய விழா ஒன்றும் மோதியபோது, கோயில் இரண்டையும் காத்து, நாளை நகர்த்தியது. காலத்தைக் கருவி எனக் கொண்ட மெய்யியலுக்கு இது இசைவானதே. அதே 19 ஆண்டுச் சுழற்சி தொடருமானால், அடுத்து 2040 டிசம்பரில் திருவரங்கத்தின் பரமபத வாசல் மார்கழிக்கு முன்பே திறக்கும்.